கம்பி நடுவில் எரிவதில்லை

தாப்பாவிலிருந்து மலையேறினால் முதலில் வருகிற ஊர் ரிங்லெட். அங்கிருந்தும் அக்கம்பக்கத்திலிருந்தும் இந்த வாரம் வந்த கேள்விகள் ஒரே சங்கதியைச் சுற்றி நிற்கின்றன: வயரை எதனால் இணைப்பது, எதன்மேல் தாங்குவது. மற்ற கேள்விகளுக்கு அடுத்த இதழில் பதில் வரும்.

கே: வயரை முறுக்கி டேப் சுற்றினால் போதாதா? எங்கள் அப்பா காலத்திலிருந்து அப்படித்தானே செய்கிறோம்? (தோட்டத் தொழிலாளி, ஹாபு)

ப: காயத்துக்குத் துணி சுற்றலாம். முறிந்த எலும்பைத் துணி பிடித்து வைக்காது. டேப் மூடுவதற்கு, இறுக்கிப் பிடிப்பதற்கு வேறு பொருள் வேண்டும். அப்பா காலத்து லயத்து வீட்டில் இரண்டு பல்பும் ஒரு ரேடியோவும் இருந்திருக்கும். அந்தக் கரண்டுக்கு அந்த முறுக்கு தாங்கியது. இன்று அதே முறுக்கின் வழியாகத்தான் ஹீட்டரும் ரைஸ் குக்கரும் இஸ்திரிப் பெட்டியும் இழுக்கின்றன. முறுக்கு சூடாகும், ஆறும், மறுபடி சூடாகும். ஒவ்வொரு தடவையும் செம்பு விரிந்து சுருங்கி, பிடி கொஞ்சம் கொஞ்சமாகத் தளரும். டேப்பின் பசையும் சூட்டில் இளகி நழுவும். பிறகு சுவருக்குள்ளே என்ன நடக்கிறதென்று யாருக்கும் தெரியாது.

கே: சூடானால் டிரிப் ஆகிவிடுமே. எம்.சி.பி.யும் இருக்கிறது, ஆர்.சி.சி.பி.யும் இருக்கிறது. பிறகென்ன பயம்? (அவரே, கடிதத்தின் அடுத்த வரியில்)

ப: ஆகாது ஐயா. இந்தப் பக்கத்தில் ஒரே ஒரு பதிலைத்தான் வெட்டி ஒட்டி வைத்துக்கொள்ள இடம் உண்டென்றால் இதை வெட்டுங்கள். எம்.சி.பி. பார்ப்பது, அளவுக்கு மேல் கரண்டு போகிறதா என்பதை. ஆர்.சி.சி.பி. பார்ப்பது, போன கரண்டு முழுவதும் திரும்பி வந்ததா என்பதை. தளர்ந்த இணைப்பில் கரண்டு கூடுவதும் இல்லை, வெளியே கசிவதும் இல்லை. இரண்டு காவல்காரர்களும் வாசலில் விழித்திருக்க, உள்ளே கூரை பற்றும்.

கணக்கைப் பாருங்கள். நம் மலையில் குளிக்க ஹீட்டர் இல்லாத வீடு குறைவு. வழக்கமான உடனடி ஹீட்டர் 3.6 கிலோவாட். 230 வோல்ட்டில் அது இழுப்பது ஏறக்குறைய 15.6 ஆம்பியர். இணைப்பு தளர்ந்து அந்த இடத்தில் ஓர் ஓமில் பத்தில் ஒரு பங்கு தடை ஏற்பட்டால் போதும், 24 வாட் சூடு அந்த ஒரே புள்ளியில் இறங்கும். ஈயத்தை உருக்குகிற சிறிய சால்டரிங் கருவி 25 வாட். அதைக் கூரைப் பலகைக்குள் செருகி வைத்துவிட்டு நீங்கள் குளிக்கப் போவீர்களா?

வயர் தன் நீளத்தின் நடுவில் கெடுவது அபூர்வம். கெடுவது முனையிலும், வளைவிலும், தொங்குகிற இடத்திலும்தான். ஆனால் கடையில் வயருக்குப் பேரம் பேசுகிற நேரத்தில் பத்தில் ஒரு பங்கைக்கூட நாம் கனெக்டருக்கும் கிளிப்புக்கும் கொடுப்பதில்லை.

கே: ஹீட்டருக்கு மூன்று முள் பிளக் மாட்டி சாக்கெட்டில் செருகியிருக்கிறோம். பிளக் பழுப்பு நிறமாகிவிட்டது. புதுசு மாற்றவா? (இல்லத்தரசி, ரிங்லெட்)

ப: பிளக்கை மாற்றாதீர்கள் அம்மா, பாதையை மாற்றுங்கள். நம் சதுர முள் பிளக் 13 ஆம்பியருக்குச் செய்யப்பட்டது. ஹீட்டர் கேட்பது 15.6. பழுப்பு நிறம் அந்தப் பிளக் எழுதிய கடிதம். அடுத்த கடிதம் புகையில் வரும். ஹீட்டருக்கு மெயின் போர்டிலிருந்து தனி லைன் வேண்டும். 20 ஆம்பியர் இரட்டைத் துருவ சுவிட்ச் வேண்டும். தூரத்தைப் பார்த்து 2.5 அல்லது 4 சதுர மில்லிமீட்டர் வயர் வேண்டும். கசிவைப் பிடிக்கும் ஆர்.சி.சி.பி. 10 மில்லி ஆம்பியரில் விழுகிற வகையாக இருக்க வேண்டும். ஈரத் தரை உள்ள இடத்துக்கு 10, கையில் பிடித்து வேலை செய்யும் கருவிக்கு 30, மற்றவற்றுக்கு 100 என்பது 1994-ஆம் ஆண்டு மின்சார ஒழுங்குமுறைகள் வகுத்த அளவு. எர்த் வயர் ஹீட்டரின் எர்த் ஸ்க்ரூவில் முறையாகப் பூட்டப்பட்டிருக்கிறதா என்று வயர்மேனிடம் திறந்து காட்டச் சொல்லுங்கள். கூச்சப்பட வேண்டாம். குளிப்பது உங்கள் பிள்ளைகள்.

கே: துண்டு துண்டாக நறுக்கிக்கொள்ளும் வெள்ளை ஸ்க்ரூ கனெக்டரா, நெம்புகோலைத் தூக்கி மூடும் லீவர் கனெக்டரா? பெரியவர்கள் ஸ்க்ரூதான் நிற்கும் என்கிறார்கள். (வயர்மேன் உதவியாளர், கம்போங் ராஜா)

ப: தம்பி, முதலில் உன் கையில் இருக்கும் வயரைப் பார். ஒற்றைக் கம்பியா, தடித்த ஏழு இழையா, தலைமுடி போன்ற மெல்லிய இழைகளா? ஒற்றைக் கம்பிக்கும் ஏழு இழைக்கும் இரண்டும் சரி. மெல்லிய இழைகளை ஸ்க்ரூவுக்கு நேரே வைத்தால் ஸ்க்ரூவின் மூக்கு பாதி இழையை அறுத்துவிடும், மீதி பக்கத்தில் ஒதுங்கிவிடும். அதற்கு முனையில் ஃபெருல் குழாய் போட்டு, அதற்கென்று உள்ள பிளையரால் நசுக்கிய பிறகு ஸ்க்ரூவில் வை. அல்லது லீவர் வகையை எடுத்துக்கொள்.

ஒரு பழக்கத்தை மட்டும் இன்றோடு விட்டுவிடு: இழைகளுக்கு ஈயம் வைத்துக் கெட்டியாக்கி ஸ்க்ரூவில் மாட்டுவது. பார்க்க அழகாக இருக்கும். ஈயம் மெத்தென்ற உலோகம். அழுத்தம் தொடர்ந்து இருந்தால் மாவுபோல மெல்ல நகர்ந்து கொடுக்கும். இன்று இறுக்கிய ஸ்க்ரூ ஆறு மாதத்தில் தானாகத் தளர்ந்திருக்கும்.

ஸ்க்ரூவின் இறுக்கம் அன்றைக்கு உன் மணிக்கட்டில் இருந்த பலம். ஸ்பிரிங்கின் இறுக்கம் தொழிற்சாலையில் முடிவானது. வயர் சுருங்கினாலும் அது பின்தொடர்ந்து போய்ப் பிடிக்கும். ஜெர்மனியின் மின்டன் ஊரில் 1951-ல் வாகோ நிறுவனம் இந்த ஸ்பிரிங் யோசனையை வைத்துத்தான் தொடங்கியது. எழுபது வருஷத்துக்கு மேலாக நிற்கிற சங்கதியைப் புது மோகம் என்று தள்ள வேண்டாம். ஆனால் சந்தையில் அதே உருவத்தில் பெயர் இல்லாத சரக்கும் வருகிறது. ஆம்பியரும் வோல்ட்டும் வயர் அளவும் உடம்பில் அச்சிடாத கனெக்டரைத் தொடாதே. எதைப் போட்டாலும் கடைசியில் ஒவ்வொரு வயரையும் தனித்தனியாக இழுத்துப் பார். வந்தால் இப்போதே வரட்டும்.

கே: வெளியிலிருந்து வருவது அலுமினிய கேபிள், உள்ளே செம்பு. இரண்டையும் ஒரே போல்ட்டில் முடுக்கலாமா? (சிறு பட்டறை வைத்திருப்பவர், ரிங்லெட்)

ப: கூடாது. ஈரம் நடுவில் இருந்தால் அவை இரண்டும் சேர்ந்து ஒரு பேட்டரி, அரிக்கப்படுவது அலுமினியம். போதாக்குறைக்கு அலுமினியம் செம்பைவிட மூன்றில் ஒரு பங்கு அதிகமாக விரியும். ஒரு புறம் அலுமினியக் குழலும் மறுபுறம் செம்புத் தகடுமாகத் தொழிற்சாலையிலேயே இணைத்து வருகிற பைமெட்டல் லக் இருக்கிறது, அதுதான் வழி. அலுமினியத்தின் மேல் கண்ணுக்குத் தெரியாத ஆக்சைடு தோல் நொடியில் உருவாகும். கம்பி பிரஷ்ஷால் தேய்த்து, அதற்குரிய பசையைத் தடவி, உடனே சரியான அளவு அச்சில் வைத்து நசுக்க வேண்டும். சுத்தியலால் தட்டிச் சப்பையாக்கிய லக்கை நான் நிறையப் பார்த்திருக்கிறேன். ஒன்றுகூட நெடுநாள் நிற்கவில்லை. மீட்டருக்கு முன்னால் உள்ள லைன் மின்சார நிறுவனமான தெனாகா நேஷனலுடையது. அதில் உங்கள் கை போகவே கூடாது.

கே: ஏரி நம் ஊரில், அணை நம் ஊரில். நம் வீட்டிலேயே ஏன் அடிக்கடி கரண்டு போகிறது? (மாணவி, ரிங்லெட்)

ப: சுல்தான் அபு பாக்கார் அணை தேக்குகிற தண்ணீர் சுரங்கத்துக்குள் இறங்கிப் பேராவில் இருக்கும் ஜோர் நிலையத்துக்குப் போகிறது. அங்கே மண்ணுக்கடியில் 100 மெகாவாட் சுழல்கிறது. அந்த மின்சாரம் நாட்டின் பொது வலைக்குச் சொந்தம், ஊருக்குத் தனியாக வருவதில்லை. தெருவே இருண்டால் தெனாகா. உங்கள் வீடு மட்டும் இருண்டால் உங்கள் வீட்டு இணைப்பு.

கே: ஐ.பி. 67 என்று எழுதிய பெட்டியைத்தான் விலை கொடுத்து வாங்கி வெளிச்சுவரில் மாட்டினேன். ஒரு வருஷம் கழித்துத் திறந்தால் உள்ளே தண்ணீர். ஏமாற்றிவிட்டார்களா? (விடுதி நடத்துபவர், தானா ராத்தா)

ப: யாரும் ஏமாற்றவில்லை. பெட்டி மூச்சு விட்டிருக்கிறது.

ஐ.பி. எண்ணின் முதல் இலக்கம் தூசிக்கு, இரண்டாவது தண்ணீருக்கு. 65 என்றால் தூசி புகாது, எந்தப் பக்கமிருந்து பீய்ச்சினாலும் தாங்கும். 67 என்றால் ஒரு மீட்டர் ஆழத்தில் அரைமணி நேரம் கிடந்தாலும் தாங்கும். அந்தப் பரீட்சையை எழுதியது ஆய்வகத்தில் இருந்த புதுப் பெட்டி. உங்கள் பெட்டி கடல்மட்டத்துக்கு ஆயிரம் மீட்டருக்கு மேலே வெயிலிலும் பனியிலும் நிற்கிறது. பகலில் வெயில் பட்டு உள்ளே இருக்கும் காற்று விரிந்து, எங்கோ ஒரு மயிரிழை இடுக்கில் வெளியேறும். மாலையில் மூடுபனி இறங்கியதும் பெட்டி குளிர்ந்து, போன காற்றைத் திரும்ப இழுக்கும். இழுப்பது பனிக்காற்று. அந்த ஈரம் இரவில் மூடியின் அடியில் துளியாகக் கட்டும். நாளுக்கு ஒரு துளி என்றாலும் வருஷத்துக்கு எவ்வளவு என்று நீங்களே கணக்கிடலாம். அடைப்பு நல்ல பெட்டியில் உள்ளே வந்த துளி வெளியே போகவும் வழி இல்லை.

ஆகவே, கேபிள் எப்போதும் பெட்டியின் அடிப்பக்கத்திலிருந்து ஏற வேண்டும். மேலிருந்து வருகிற கேபிளைப் பெட்டிக்குக் கீழே ஒரு வளைவு தொங்கவிட்டுப் பிறகு மேலே ஏற்றுங்கள். ஓடிவரும் மழைநீர் அந்த வளைவின் அடியில் சொட்டிவிடும். அடியில் காற்றை விட்டுத் துளியை வடிக்கும் வடிகால் பிளக் ஒன்று போடுங்கள்; பெட்டியின் ஐ.பி. தரத்தைக் கெடுக்காத வகை கிடைக்கிறது. வீட்டில் டிரில் வைத்துத் துளை போடாதீர்கள். உள்ளே இருக்கும் இணைப்பை ஜெல் நிரப்பிய கனெக்டரில் முடித்தால் தண்ணீர் வந்தாலும் செம்பைத் தொடாது.

கேபிள் பெட்டிக்குள் நுழையும் வாயான கிளாண்டைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். பெரும்பாலான பெட்டிகளில் தண்ணீர் புகுவது அங்கேதான். கிளாண்டின் ரப்பர் எந்த விட்டத்திலிருந்து எந்த விட்டம் வரை பிடிக்கும் என்று அதிலேயே எழுதியிருக்கும். ஐந்து மில்லிமீட்டர் கேபிளை எட்டிலிருந்து தொடங்கும் கிளாண்டில் போட்டு டேப் சுற்றிப் பருமனாக்குவது வேலையல்ல. தட்டையான கேபிளை வட்டக் கிளாண்டில் எவ்வளவு முடுக்கினாலும் இரண்டு ஓரத்திலும் இடுக்கு இருக்கும். ஒரு கிளாண்டுக்கு ஒரு கேபிள். ஆர்மர் கேபிள் என்றால் எஃகுக் கம்பிகளைக் கூம்பில் பிடித்து இறுக்கும் பித்தளைக் கிளாண்ட் வேண்டும். அந்தக் கம்பிகள்தான் இழுவையைத் தாங்குகின்றன, பல இடங்களில் எர்த்தும் அவைதான். வெளியிடத்துக்கு சி.டபிள்யூ. வகை, உள்ளே பி.டபிள்யூ. வகை, கடையில் எழுத்தைச் சொல்லிக் கேளுங்கள்.

நான் தொழில் பழகிய நாளில் ஒரு தோட்டத்து பம்ப் ஷெட்டில் இப்படி மேற்பக்கம் கிளாண்ட் வைத்த பெட்டி ஒன்றைக் கழற்றினேன். நான்காவது ஸ்க்ரூ வந்ததும் ஒரு டம்ளர் தண்ணீர் என் முழங்கை வழியே வழிந்தது. தொழில் சொல்லித் தந்த பெரியவர் அதற்கு முன்பே மெயினை அணைத்துப் பூட்டி, சாவியைச் சட்டைப்பையில் போட்டிருந்தார். அதனால் இதை எழுதுகிறேன்.

கே: செவ்வந்திக்கு ராத்திரி பல்பு போடுகிறோம். மழை நாளில் கொட்டகையின் இரும்பு பைப்பைத் தொட்டால் சுரீரென்கிறது. வேலைக்காரப் பையன்கள் ரப்பர் செருப்பு போட்டுக்கொண்டு போகிறார்கள். (பூந்தோட்டக்காரர், பெர்த்தாம் வேலி)

ப: இதைப் படித்ததும் முதலில் போய் மெயினை அணையுங்கள். ஒரு ராத்திரி வெளிச்சம் இல்லாமல் போவதால் வரும் நஷ்டம் ஈடு செய்யக்கூடியது. செருப்பு பாதுகாப்பு இல்லை. நனைந்த செருப்பு எதையும் தடுக்காது.

வெளியூர் வாசகருக்காக: செவ்வந்தி, இரவு நீண்டால் மொட்டு விடுகிற செடி. தண்டு போதிய உயரம் வரும்வரை இரவை விளக்கால் உடைத்து வைப்பார்கள். இரவில் மலைச்சரிவு முழுக்க மினுங்குவது அதற்காக. மின்சாரம் இருக்கக் கூடாத எல்லாச் சூழலும் அந்தப் பிளாஸ்டிக் கூரைக்குக் கீழே ஒன்றாகக் கூடியிருக்கிறது: நனைந்த மண், உரம், மருந்து, வியர்க்கும் கூரை, கையெட்டும் உயரத்தில் இரும்பு.

உங்கள் கொட்டகையில் என்ன நடந்திருக்கும் என்று என்னால் ஓரளவு ஊகிக்க முடிகிறது. வயரைப் பைப்பில் கட்டுக்கம்பியால் முறுக்கிக் கட்டியிருப்பீர்கள். காற்றில் கொட்டகை அசைய அசைய அந்த மெல்லிய கம்பி வயரின் தோலை ரம்பம்போல அறுத்திருக்கும். கட்டுக்கம்பி வேலிக்கு, மின் வயருக்கு ஒருபோதும் வேண்டாம்.

சரியாகச் செய்வது இப்படி. தூணுக்குத் தூண் துத்தநாகம் பூசிய எஃகுத் தாங்குகம்பி ஒன்றை இறுக்கிக் கட்டுங்கள், இரண்டு முனையிலும் டர்ன்பக்கிள் போட்டு. பாரம் முழுவதும் அந்தக் கம்பிக்கு. கேபிள் அதில் சும்மா சாய்ந்து போக வேண்டும். கேபிளே தன் பாரத்தைத் தாங்கினால் அந்த இழுவை நேரே கனெக்டரின் வாய்க்குத்தான் போய்ச் சேரும். ஹோல்டர் ரப்பர் வளையம் உள்ளதாக, வாய் கீழ்நோக்கித் தொங்க வேண்டும். தட்டை வயரில் ஊசி குத்திப் பிடிக்கும் மலிவு ஹோல்டர் திருவிழாவுக்கு மூன்று நாள் போதும். பூந்தோட்டத்தில் அந்த ஊசி போட்ட துளை வழியே ஈரம் ஏறிச் செம்பு பச்சையாகும். கிளைக்குக் கிளை பிரியும் இடத்தில் ஜெல் கனெக்டர், அல்லது முறுக்கிப் பூட்டும் நீர்புகா பிளக். கொட்டகையின் இரும்புச் சட்டம் முழுவதையும் ஈயமுலாம் பூசிய லக் வைத்து எர்த்தோடு இணைக்க வேண்டும். வெறும் செம்பு லக்கைத் துத்தநாகப் பூச்சின் மேல் முடுக்கினால் அந்த இடம் துருவாகித் தொடர்பு அறும். தரை ஈரம், ஆகவே இங்கும் 10 மில்லி ஆம்பியர் ஆர்.சி.சி.பி. கொட்டகைகளைப் பகுதி பகுதியாகப் பிரித்து ஒவ்வொன்றுக்கும் ஒன்று போடுங்கள். இல்லாவிட்டால் ஒரு ஹோல்டர் நனைந்தால் தோட்டமே இருளும், எரிச்சலில் யாராவது ஆர்.சி.சி.பி.யைக் கழற்றிவிட்டு நேர் வயர் கொடுப்பார்கள். உயிர் போகிற கதைகள் பல அந்த நேர் வயரில்தான் தொடங்கியிருக்கின்றன.

கே: வெள்ளை கேபிள் டை ஒரே வருஷத்தில் நொறுங்குகிறது. கறுப்பு டை வேறு என்ன செய்யும்? (பூந்தோட்டக்காரர் மகன், அதே கடிதத்தில்)

ப: கறுப்பில் கரித்தூள் கலந்திருக்கிறது, அது வெயிலின் புற ஊதாக் கதிரைத் தடுக்கும். ஆனால் கறுப்பெல்லாம் அப்படியல்ல. பாக்கெட்டில் வெயில் தாங்கும் என்று எழுதியிருக்க வேண்டும். சாதாரண நைலான் டை 85 பாகை வரைதான் சூடு தாங்கும். அதற்கு மேல் சூடான இடத்தில் எஃகு டை. இந்தச் சின்னப் பொருளுக்கு நல்ல பிறப்பு உண்டு: விமானங்களுக்குள் வயர்க்கட்டை மெழுகு நூலால் கட்டித் தொழிலாளர் விரல் அறுபட்டதைப் பார்த்து, அமெரிக்காவின் தாமஸ் அண்ட் பெட்ஸ் நிறுவனத்தில் மோரஸ் லோகன் உருவாக்கி 1958-ல் வந்தது. கட்டாக வைத்திருப்பது அதன் வேலை. பாரத்தைத் தொங்கவிட அல்ல. கட்டிய பின் கேபிள் விரலால் தள்ளினால் சற்று நகர வேண்டும். தோல் பிதுங்கினால் அதிகம் இழுத்துவிட்டீர்கள்.

கே: பேக்டரியில் ஒரே பிராண்டு கேபிள் டிரே, ஒரே கிளாண்ட், ஒரே கனெக்டர் என்று மொத்தமாக வாங்கிவிட்டால் செலவு குறையும் என்கிறார் மேனேஜர். சரியா? (தேயிலைத் தொழிற்சாலை வயர்மேன், ரிங்லெட் பக்கம்)

ப: பிராண்டு ஒன்றாக இருக்கலாம். வகை ஒன்றாக இருக்க முடியாது. 1929-ல் ஜே. ஏ. ரஸ்ஸல் இந்த மலையில் போ தேயிலையைத் தொடங்கிய காலத்திலும் சரி, இன்றும் சரி, கறுப்புத் தேயிலைக்கு இலையை வாட்டி, உருட்டி, புளிக்கவைத்து, உலர்த்தி, சலிக்கத்தான் வேண்டும். மனிதனுக்கு அது ஒரே கூரை. கேபிளுக்கு ஐந்து ஊர்.

வாட்டும் மாடியில் ஈரக்காற்று ராப்பகல் ஓடும். அங்கே முன்பே துத்தநாகம் பூசிய தகட்டில் செய்த டிரே சீக்கிரம் சிவக்கும். அதன் பூச்சு ஏறத்தாழ 20 மைக்ரான்தான், வெட்டிய ஓரத்தில் அதுவும் இல்லை. செய்து முடித்த பின் உருகிய துத்தநாகத்தில் முக்கியெடுத்த டிரே வாங்குங்கள். இரண்டு மில்லிமீட்டர் தகட்டுக்கு உலகத்தரம் கேட்கும் சராசரிப் பூச்சு 55 மைக்ரான். நீங்கள் அறுத்த முனைக்குத் துத்தநாக பெயிண்ட் அடிக்க மறக்காதீர்கள்.

உருட்டும் இடத்தில் எதிரி அதிர்வு. மோட்டார் வரை கெட்டிப் பைப்பைக் கொண்டுபோய் முடிக்காதீர்கள். கடைசி அரை மீட்டர் வளையும் பைப்பாக இருக்கட்டும். டெர்மினலில் மெல்லிய இழைக் கேபிள், வளைய லக், ஸ்பிரிங் வாஷர். மூன்று மாதத்துக்கு ஒரு முறை தளர்கிறது என்றால் முடுக்கிக்கொண்டே இருப்பது தீர்வல்ல, வளையாத ஏதோ ஒன்று அங்கே அதிர்வைக் கொண்டுவருகிறது. புளிக்கும் அறையைக் கழுவிவிடுவார்கள், ஆகவே பெட்டி 65 தரமாவது வேண்டும். உலர்த்தியின் மேல் டிரே போடவே கூடாது. சுற்றிப் போனால் நீளும் பத்து மீட்டர் கேபிள், எரிந்த கேபிளைவிட மலிவு.

சலிக்கும் அறைதான் என்னை மிகவும் கவலைப்படுத்துவது. தேயிலைப் பஞ்சும் தூளும் எங்கே தட்டையான பரப்பு கிடைத்தாலும் போர்வைபோலப் படியும். கேபிள் தன் சூட்டைக் காற்றுக்கு விட முடியாமல் அந்தப் போர்வைக்குள் வேகும், போர்வையோ எரியக்கூடியது. அங்கே அடி மூடிய டிரே வேண்டாம். ஏணி வகையைச் சுவரோரமாக நிமிர்த்தி, விளிம்பின் மேல் நிற்க வையுங்கள். தூள் தங்க இடம் குறையும், பிரஷ் போகவும் வழி இருக்கும். கூட்டிப் பெருக்குகிற அக்காமார்களிடம் கேட்டுவிட்டு உயரத்தை முடிவு செய்யுங்கள். அவர்கள் கை எட்டாத டிரே சுத்தமாக இருந்ததை நான் பார்த்ததில்லை.

கே: பெரிய ஃபீடர் கேபிளுக்கு கிளீட் எதற்கு? டை கட்டினால் நிற்காதா? (அவரே)

ப: சும்மா இருக்கும்போது நிற்கும். ஷார்ட் ஆகும் அந்தக் கணத்தில் மூன்று கேபிளும் ஒன்றையொன்று உதைத்துத் தள்ளும். கரண்டு இரண்டு மடங்கானால் அந்த உதை நான்கு மடங்கு. நைலான் டை நூலாக அறும், கேபிள் சவுக்குபோல வீசும். அந்த உதைக்குச் சோதித்துப் பார்த்து வருவதுதான் கிளீட். எத்தனை கிலோ ஆம்பியர் ஷார்ட்டுக்கு, எத்தனை இடைவெளியில் என்று தயாரிப்பாளரின் அட்டவணையில் பார்த்து வாங்க வேண்டும்.

கே: ஹோம்ஸ்டே வீட்டில் கூரையோரமாக பிளாஸ்டிக் டிரங்கிங் ஒட்டுகிறோம். ஸ்க்ரூ கூட இல்லாமல் பசையிலேயே நிற்கிறது. அழகாகவும் இருக்கிறது. போதுமா? (பிரிஞ்சாங்)

ப: போதாது. 2010 ஏப்ரல் 6-ஆம் தேதி இங்கிலாந்தின் சவுதாம்ப்டன் நகரில் ஷெர்லி டவர்ஸ் அடுக்குமாடியில் தீப்பிடித்தது. சூட்டில் பிளாஸ்டிக் டிரங்கிங் இளகி, உள்ளே இருந்த கேபிள்கள் வலைபோல அறைக்குள் தொங்கின. புகையில் போன தீயணைப்பு வீரர்கள் அதில் சிக்கினார்கள். இருவர் திரும்பவில்லை. அதன் பிறகு பிரிட்டிஷ் வயரிங் விதி முதலில் வெளியேறும் வழிகளுக்கும், 2018-ல் வீடு முழுவதற்கும், தீயில் கேபிள் சீக்கிரம் விழாதபடி உலோகத் தாங்கல் கட்டாயம் என்றது. உங்கள் டிரங்கிங் அப்படியே இருக்கட்டும். உள்ளே இடையிடையே உலோகக் கிளிப் ஒன்றைச் சுவரில் ஸ்க்ரூ போட்டு வையுங்கள். விருந்தாளிகள் அறியாத வீட்டில் தூங்குகிறவர்கள். வாசற்படிக்கு மேலும் நடைவழியிலும் இதை முதலில் செய்யுங்கள். கிளிப் இடைவெளிக்கு ஒரு அளவு: ஒன்பது மில்லிமீட்டர் வரை பருமனுள்ள கேபிள் கிடையாகப் போனால் 250 மில்லிமீட்டருக்கு ஒன்று, செங்குத்தாகப் போனால் 400-க்கு ஒன்று.

கே: பாசார் மாலாமில் சோளக் கடை. மூன்று எக்ஸ்டென்ஷன் வயரைக் கோத்து, சேர்கிற இடத்தில் பிளாஸ்டிக் பை கட்டுகிறேன். மழைக்குப் பரவாயில்லைதானே? (பிரிஞ்சாங்)

ப: அண்ணே, அந்தப் பை மழையைச் சேமிக்கும். மூன்று வயருக்குப் பதில் தேவையான நீளத்துக்கு ஒரே ரப்பர் கேபிள் வாங்கி, இரண்டு முனையிலும் நீல நிற 16 ஆம்பியர் தொழிற்சாலை பிளக் போடுங்கள். மூடி உள்ளது, மழைச்சாரல் தாங்கும். சுருளில் இருக்கும் கேபிளை முழுதும் அவிழ்த்துப் போடுங்கள். சுற்றியபடி அடுப்பு ஓட்டினால் சுருளின் நடுவில் தோல் உருகும்.

கே: கூரையில் சோலார் போட்டோம். ஒரு பிளக் உடைந்ததற்கு வேறு பிராண்டு மாட்டினால் பொருந்துகிறது. விடலாமா? (கோல தெர்லா)

ப: விடாதீர்கள். பொருந்துவது வேறு, சேர்வது வேறு. முள்ளின் உலோகமும் அளவும் பிராண்டுக்குப் பிராண்டு நூலிழை மாறும். நேர்மின்சாரத்தில் பொறி எழுந்தால் தானாக அணையாது. இரண்டு பக்கமும் ஒரே தயாரிப்பாளர், ஒரே வகை.

கே: வெள்ளம் வந்து வடிந்த பிறகு சாக்கெட்டைக் காயவைத்துப் பயன்படுத்தலாமா? (பெர்த்தாம் வேலி)

ப: 2013 அக்டோபர் 23 அதிகாலையில் உங்கள் பள்ளத்தாக்குக்குள் வெள்ளம் புகுந்து உயிர்களைக் கொண்டுபோனதை நீங்கள் மறந்திருக்க மாட்டீர்கள். சேற்றில் மூழ்கிய சாக்கெட், சுவிட்ச், கனெக்டர், எம்.சி.பி. எதையும் காயவைத்துத் திரும்பப் போடக் கூடாது. ஈரம் போகும், சேற்றில் வந்த உப்பும் மண்ணும் ஸ்பிரிங்கிலும் முள்ளிலும் தங்கும். பைப்புக்குள் போன வயரை அளந்து பார்த்து நன்றாக இருந்தால் வைத்துக்கொள்ளலாம். முனைகள் எல்லாம் புதுசு. அடுத்த முறை வயரிங் செய்யும்போது இணைப்புப் பெட்டிகளை இடுப்புக்கு மேலே ஏற்றி, வயரை மேலிருந்து இறக்கச் சொல்லுங்கள்.

கே: இதெல்லாம் என் வீட்டில் சரியாக இருக்கிறதா என்று எனக்கு எப்படித் தெரியும்? நான் வயரைத் தொட்டதே இல்லை. (ஓய்வுபெற்ற ஆசிரியை, ரிங்லெட்)

ப: தொடவும் வேண்டாம் டீச்சர். மூக்கும் புறங்கையும் போதும். இன்று இரவு வீட்டில் எல்லோரும் குளித்து முடித்த உடனே, ஈரம் துடைத்த புறங்கையை ஹீட்டர் சுவிட்சின் பிளாஸ்டிக் தட்டு மேல் வையுங்கள். வெதுவெதுப்பாக இருந்தால் சரி. கை வைக்க முடியாத சூடு, பழுப்பு நிறம், மீன் கருகியது போன்ற வாடை, மெல்லிய சீறல், இவற்றில் ஒன்று இருந்தாலும் மெயின் போர்டில் அந்த லைனை அணைத்துவிட்டு, எரிசக்தி ஆணையமான சுருஹான்ஜாயா தெனாகாவின் சான்றிதழ் பெற்ற வயர்மேனை அழையுங்கள். சான்றிதழைக் காட்டச் சொல்லுங்கள், போடுகிற பொருளில் சிரிம் தர முத்திரை இருக்கிறதா என்று பாருங்கள். பக்கத்து வீட்டில் தனியாக இருக்கும் வயதானவர்களின் சுவிட்சையும் அப்படியே ஒரு முறை தொட்டுப் பார்த்துவிட்டு வாருங்கள்.